குரல் போகும் தூரம்

சித்திரை முடிகிறது. அழகர் இறங்கி ஏறிய மணல் இன்னும் மிதிபட்டுக் கிடக்கிறது. வைகை ஓர் ஓரமாக ஒதுங்கி ஓடுகிறது.

அக்கரையில் ஒலிபெருக்கி. யாரோ பேசுகிறார்கள். சொல் பிடிபடவில்லை.

குரல் மட்டும் ஆற்றைக் கடந்து வருகிறது.

*

மேசையில் ஒரு நூல். ‘எனது நாடக வாழ்க்கை’. எழுதியவர் டி.கே. சண்முகம். 1972இல் வெளிவந்தது.

பக்கம் பக்கமாக ஊர்கள். ஊர்தோறும் கொட்டகை. கொட்டகைதோறும் இரவுகள்.

படிக்கிறேன். நிறுத்துகிறேன். மின்விசிறி சுற்றுகிறது.

*

1918. மதுரை.

தத்துவ மீனலோசனி வித்துவ பால சபா. சிறுவர்களே எல்லா வேடமும் கட்டும் நாடகக் கம்பெனி. பாடம் சொல்லித் தருபவர் சங்கரதாஸ் சுவாமிகள்.

சேர்ந்த பிள்ளைகளில் ஒருவனான சண்முகத்துக்கு ஆறு வயது.

பால்பல் விழத் தொடங்கும் வயது. அந்த வாய்க்குள் வசனம் வந்து உட்காருகிறது.

*

1912இல் திருவனந்தபுரத்தில் பிறந்த பிள்ளை. தந்தை கண்ணுசாமிப் பிள்ளை பெண் வேடத்தில் பெயர் பெற்ற நடிகர். அண்ணன்மார் சங்கரனும் முத்துசாமியும் கம்பெனியில் இருக்கிறார்கள். தம்பி பகவதி பின்னால் வருவான்.

டி.கே.எஸ். சகோதரர்கள் என்று ஒரு நாள் நாடு சொல்லும்.

இப்போது பிள்ளைகள் தூங்குகிறார்கள். பாய், சுவர், அணைந்த விளக்கின் வாசனை.

*

கம்பெனி வீடு. பையன்கள் உண்பதும் உறங்குவதும் படிப்பதும் அங்கேதான். வாத்தியார் ஓர் அடி சொல்கிறார். பிள்ளைகள் திருப்பிச் சொல்கிறார்கள். மறுபடியும் சொல்கிறார்கள். தாளில் பார்ப்பதற்கு முன்பே சொல் காதில் குடியேறிவிடுகிறது.

காது நிறைந்த பிறகு வாய் திறக்கிறது.

*

விளக்குத்தூண் பக்கம் நடக்கிறேன். காலை வெயில் இன்னும் தரைக்கு இறங்கவில்லை. பூக்கார அம்மா மல்லிகைக்குத் தண்ணீர் தெளித்துவிட்டு ஒரு குரல் கொடுக்கிறார். அடிவயிற்றிலிருந்து வருகிற குரல். தெருவின் அந்த முனையில் ஒருவர் திரும்பிப் பார்க்கிறார்.

அவ்வளவு தூரம் போகிறது.

ஈரப் பூவின் வாசனை அதற்குள் நின்றுவிடுகிறது. குரல் இன்னும் போய்க்கொண்டிருக்கிறது.

*

மதுரையின் பெயரை முன்னால் வைத்துக்கொண்டு ஊர் ஊராகப் போன கம்பெனிகள் பல. மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனி. பி.யு. சின்னப்பா அதில் இருந்தார். எம்.ஜி. ராமச்சந்திரன் இருந்தார். மதுரை தேவி பால வினோத சங்கீத சபா. அது நவாப் ராஜமாணிக்கத்தின் கம்பெனி.

படுதாக்கள் சுருட்டப்படுகின்றன. பெட்டிகள் வண்டியேறுகின்றன. கிரீடமும் வாளும் வைக்கோலுக்குள் படுத்துக்கொள்கின்றன.

ஊரின் பெயர் மட்டும் ஊரைவிட்டுப் போய்ப் போய்த் திரும்புகிறது.

*

சங்கரதாஸ் சுவாமிகள். 1867. தூத்துக்குடிப் பக்கம் காட்டுநாயக்கன்பட்டி.

இளமையில் அவர் நடிகர். எமன், சனீஸ்வரன் போன்ற வேடங்கள். ஓர் இரவு சனீஸ்வரனாக நடித்துவிட்டு, வேடம் கலைக்க விடியற்காலையில் நீர்நிலைக்குப் போகிறார். துணி வெளுக்க வந்த கர்ப்பிணிப் பெண் அந்த உருவத்தைப் பார்க்கிறாள். அச்சத்தில் உயிர் போய்விடுகிறது.

நாடகக்காரர்கள் வழிவழியாகச் சொல்லும் செய்தி இது. தண்ணீரில் அவர் முகத்தின் கறுப்பு கரைவதை யாரும் சொல்வதில்லை.

அதன் பின் அவர் வேடம் கட்டவில்லை.

*

வேடத்தை விட்டவர் வேடம் கட்டுகிறவர்களுக்கு எழுதுகிறார். வள்ளி திருமணம். பவளக்கொடி. சத்தியவான் சாவித்திரி. கோவலன். அறுபதுக்கு மேல் நாடகங்கள்.

தன் வாயில் சொல்லாததைப் பிள்ளைகள் வாயில் வைக்கிறார்.

*

ஓர் இரவு. சுவாமிகள் விளக்கை வைத்துக்கொண்டு எழுத உட்காருகிறார். சின்னப் பிள்ளை சண்முகத்துக்கு ஒரு பெரிய வேடம் வேண்டும். விடியும்போது முழு நாடகமும் முடிந்திருக்கிறது. அபிமன்யு சுந்தரி. நூற்றுக்கும் மேல் பாடல்கள். அடித்தல் இல்லை, திருத்தல் இல்லை. சண்முகம் பிற்காலத்தில் இதை எழுதி வைக்கிறார்.

அந்த இரவில் பிள்ளை தூங்கியிருப்பான்.

அவனுக்காக எண்ணெய் எரிகிறது. அவனுக்குத் தெரியாது.

*

மூச்சு உள்ளே வருகிறது. கொஞ்சம் நிற்கிறது. வெளியே போகிறது.

போகும் மூச்சில்தான் சொல் ஏறுகிறது. உள்ளே வரும் மூச்சில் பேசுவது அரிது.

*

இறுதிக் காலத்தில் சுவாமிகளுக்குப் பக்கவாதம். கையும் காலும் சொன்னபடி கேட்கவில்லை. நாவும் அடங்குகிறது.

ஆயிரம் பாடல் இருந்த வாய்.

பிள்ளைகள் அவர் முன்னால் பாடுகிறார்கள். தவறு வந்தால் கண் சொல்கிறது.

*

1922 நவம்பர் 13. புதுச்சேரி. சுவாமிகள் மறைகிறார்.

சண்முகத்துக்குப் பத்து வயது.

ஆசிரியரின் குரல் இப்போது பிள்ளைகளின் தொண்டைகளில் இருக்கிறது. வேறெங்கும் இல்லை.

*

தமுக்கம். சாலை முழுவதும் வண்டிகள். சுவாமிகளின் சிலை. தோளில் காய்ந்த மாலை. குருபூசை நாளில் நாடக நடிகர்கள் ஊர்வலமாக வந்து மாலை போடுகிறார்கள். ஆர்மோனியக்காரர்கள், மிருதங்கக்காரர்கள், ராஜபார்ட்டுகள், ஸ்திரீபார்ட்டுகள்.

மற்ற நாட்களில் நிழல் மட்டும் சிலையைச் சுற்றி மெல்ல நகர்கிறது.

பேருந்து ஒன்று ஒலிப்பான் அடித்துக்கொண்டு போகிறது. பிறகு ஒரு கணம் எதுவும் இல்லை.

*

பாய்ஸ் கம்பெனியில் எல்லோரும் அஞ்சும் ஒன்று உண்டு. மகரக்கட்டு உடைவது.

பதின்மூன்றோ பதினான்கோ வயது. நேற்று வரை ஆறு கட்டை சுருதியில் நின்ற சாரீரம் இன்று பாதியில் பிளக்கிறது. பாடத் திறந்த வாயில் வேறு யாரோ பேசுகிறார்கள்.

பையன் வாயை மூடிக்கொள்கிறான்.

ஆர்மோனியத்தின் துருத்தி மட்டும் மூச்சு விடுகிறது.

*

சிலர் அதோடு வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். சிலர் படுதா இழுக்கிறார்கள். சிலர் மிருதங்கம் கற்கிறார்கள். சிலர் காத்திருக்கிறார்கள்.

காத்திருப்பதற்கு வசனம் இல்லை. வேடம் இல்லை. கைதட்டல் இல்லை.

புதிய குரல் வருகிற வரைக்கும் தெருவில் பேசாமல் நடக்கிற ஒரு பையனை நினைக்கிறேன்.

*

1925. சகோதரர்கள் சொந்தமாகக் கம்பெனி தொடங்குகிறார்கள். மதுரை ஸ்ரீ பால சண்முகானந்த சபா. என்.எஸ். கிருஷ்ணன் அதில் சேர்கிறார். எஸ்.வி. சகஸ்ரநாமம் வருகிறார்.

அண்ணன் சங்கரன் பொறுப்பைப் பார்க்கிறார். முத்துசாமி பாட்டும் நாடகமும் எழுதுகிறார். சண்முகத்துக்குப் பதின்மூன்று வயது.

பழைய ஊர்களுக்குப் புதிய பெட்டிகள் புறப்படுகின்றன.

*

அப்போது மைக் இல்லை.

கொட்டகையின் கடைசியில் தரை டிக்கெட்டில் இருப்பவருக்கும் சொல் போய்ச் சேர வேண்டும். நடுவில் விசிறி மட்டைகள், அழும் குழந்தை, முறுக்கு விற்பவர், மழை.

தொண்டையால் கத்தினால் மூன்றாம் நாள் குரல் கட்டிவிடும். மூச்சை வயிற்றில் வைக்க வேண்டும். சொல்லின் கடைசி எழுத்தை விழுங்காமல் விட வேண்டும்.

சத்தமில்லாமல் சொல்லிப் பார்க்கிறேன். வயிறு உள்ளே போகிறது. விலா எலும்புகள் நகர்வது தெரிகிறது.

சொல் இன்னும் வரவில்லை. இடம் மட்டும் தயாராக இருக்கிறது.

*

முத்துவெள்ளை. அரிதாரம். தேங்காய் எண்ணெய்.

பூசும்போது முகம் குளிர்கிறது. காயும்போது இழுக்கிறது. புன்னகை செய்தால் கன்னத்தில் மெல்லிய கோடு விழுகிறது.

விடிந்த பிறகு கழுவுகிறார்கள். காதுமடலுக்குப் பின்னால் கொஞ்சம் எப்போதும் மிஞ்சிவிடுகிறது.

*

1931. வெ. சாமிநாத சர்மாவின் ‘பாணபுரத்து வீரன்’, ‘தேசபக்தி’ என்ற பெயரில் மேடையேறுகிறது. நாடகத்துக்குள்ளே என்.எஸ். கிருஷ்ணன் காந்தியின் கதையை வில்லுப்பாட்டாகப் பாடுகிறார்.

வில்லில் கட்டிய மணிகள் அதிர்கின்றன. கொட்டகை அசையாமல் இருக்கிறது.

*

வள்ளியும் நாரதரும் மட்டுமே இருந்த மேடைக்குக் குமாஸ்தா வருகிறார். கடன்காரர் வருகிறார். வேட்டி கட்டியவர் வந்து சாதாரணமாகப் பேசுகிறார். குமாஸ்தாவின் பெண். அந்தமான் கைதி. மனிதன். 1955இல் அரு. ராமநாதனின் இராஜராஜ சோழன். அதில் இராஜராஜனாகத் தம்பி பகவதி நிற்கிறார்.

பாட்டு குறைகிறது. வசனம் நீள்கிறது. வசனங்களுக்கு நடுவே ஓர் இடைவெளி பிறக்கிறது.

அந்த இடைவெளியில் நடிகர் ஒன்றும் செய்வதில்லை. பார்த்துக்கொண்டு நிற்கிறார்.

அதுவும் நடிப்பு என்று அவையோர் மெல்லப் பழகுகிறார்கள்.

*

1940கள். சண்முகம் ஔவையார் வேடம் கட்டுகிறார்.

முப்பது வயது ஆண். மூதாட்டியின் நரை. கூன். கையில் கோல்.

குரலில் நடுக்கம் வேண்டும். ஆனால் சொல் நடுங்கக் கூடாது. கடைசி வரிசைக்கும் அது கேட்க வேண்டும்.

தளர்ந்த குரலைத் தருவதற்கு எவ்வளவு பலம் தேவைப்படுகிறது.

*

ஔவை முதுமையை வேண்டிப் பெற்றவள் என்பது கதை.

கண்ணாடியின் முன் உட்கார்ந்து அவர் ஒவ்வொரு மாலையும் அதை வேண்டிப் பெறுகிறார். இரவு திருப்பிக் கொடுத்துவிடுகிறார்.

ஒரு நாள் அது தானாக வரும். அப்போது கழுவினால் போகாது.

*

அழகர்மலையின் மேலே பழமுதிர்சோலை. நாவல் மரத்தடியில் பலகை. மாடு மேய்க்கும் சிறுவன் கிளையில் இருந்து ஔவையிடம் சுட்ட பழமா, சுடாத பழமா என்று கேட்ட இடம் என்கிறார்கள். கிழவி மண்ணை ஊதிய இடம்.

குரங்குகள். ஈரப் பாறை. நூபுர கங்கையிலிருந்து இறங்கி வரும் நீரின் சத்தம்.

ஒரு குழந்தை பலகையை எழுத்துக்கூட்டிப் படிக்கிறது. அம்மா காத்திருக்கிறாள்.

*

மேடையில் ஆண் ஔவையாகிறார். 1953இல் திரையில் கே.பி. சுந்தராம்பாள் ஔவையாகிறார். அந்தச் சுந்தராம்பாள் மேடையில் ராஜபார்ட்டாகவும் நின்றவர். 1935இல் திரையில் நந்தனாராக நடித்தவர்.

ஆண் உடல், பெண் குரல். பெண் உடல், ஆண் வேடம்.

பார்த்தவர்கள் யாரைப் பார்த்தார்கள் என்று கேட்டுக்கொண்டிருக்கவில்லை. ஔவையைப் பார்த்தார்கள். நந்தனைப் பார்த்தார்கள்.

*

மேற்கே போகும் சாலை. சோழவந்தான் கடந்தால் வெற்றிலைக் கொடிக்கால்களின் குளிர்ச்சி. இன்னும் போனால் நிலக்கோட்டை. அதற்கும் அப்பால் வத்தலக்குண்டு. விடுதலைப் போராட்ட வீரர் சுப்பிரமணிய சிவா பிறந்த ஊர்.

1961. ‘கப்பலோட்டிய தமிழன்’. சிவாவாக வருபவர் சண்முகம். சிறை சிதைத்த உடம்பு. தொழுநோய். அதற்குள் அணையாத ஒரு குரல்.

மேடையில் ஆயிரம் பேருக்குக் கொடுத்ததைக் காமிராவின் முன் கொஞ்சமாகக் கொடுக்கிறார்.

பேருந்தின் சன்னலில் தலை சாய்கிறது. காற்று காதை மூடுகிறது.

*

1938இல் சென்னையில் அகில இந்திய வானொலி பேசத் தொடங்குகிறது. 1939இல் திருச்சியில்.

மதுரைக்கு மிக அருகில் இருந்த குரல் அப்போது திருச்சி.

மாலையில் பெட்டியின் குமிழைத் திருப்புகிறார்கள். வால்வு சூடாக ஒரு நிமிடம் ஆகிறது. முதலில் வெளிச்சம். பிறகு இரைச்சல். அதற்குப் பிறகு மனிதர்.

அந்த ஒரு நிமிடம் வீடு முழுவதும் காத்திருக்கிறது.

*

பில்ஹணன். ஏ.எஸ்.ஏ. சாமி எழுதியது. திருச்சி வானொலியில் எம்.கே. தியாகராஜ பாகவதர் நடித்து ஒலிபரப்பாகிறது. பிறகு சகோதரர்கள் அதை மேடைக்குக் கொண்டு வருகிறார்கள். 1948இல் அவர்கள் நடித்துத் திரைப்படமாகிறது.

முதலில் குரல். பிறகு உடல். பிறகு நிழல்.

கவிஞன் கண் தெரியாதவன் என்று இளவரசியிடம் சொல்கிறார்கள். அவள் தொழுநோயாளி என்று கவிஞனிடம் சொல்கிறார்கள். நடுவே ஒரு திரை. திரைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் குரல் மட்டும்.

வானொலிக்கு வேறென்ன கதை வேண்டும்.

*

1924 சனவரி. லண்டன். வானொலிக்கென்றே எழுதப்பட்ட ஒரு நாடகம். ரிச்சர்ட் ஹியூஸ் எழுதிய ‘டேஞ்சர்’. நிலக்கரிச் சுரங்கம். கதையின் தொடக்கத்திலேயே விளக்கு அணைந்துவிடுகிறது. பாத்திரங்களுக்கும் எதுவும் தெரியவில்லை, கேட்பவருக்கும் எதுவும் தெரியவில்லை.

இருட்டு எல்லோருக்கும் ஒன்றாகிறது.

அதே காலத்தில் மதுரைச் சீமையில் கியாஸ் விளக்கின் கீழே நாடகம் நடக்கிறது. விளக்கில் காற்றடிக்க ஒருவர் எழுந்து போகிறார். வெளிச்சம் மங்கித் திரும்புகிறது. பாடுபவர் நிறுத்தவில்லை.

*

வானொலி நிலையத்தின் ஒலிப்பதிவு அறை. சுவர் முழுவதும் ஓட்டைகள் போட்ட பலகை. தடித்த கதவு. சிவப்பு விளக்கு எரிந்தால் யாரும் அசைவதில்லை.

தாள் சரசரக்கக் கூடாது. வளையல் குலுங்கக் கூடாது. எச்சில் விழுங்கும் சத்தமும் போய்விடும்.

மேடையில் வயிற்றிலிருந்து எழுந்த மூச்சு இங்கே உதட்டருகில் நின்றால் போதும். தூரப் போகிறவன் முகத்தை மைக்கிலிருந்து மெல்லத் திருப்புகிறான். அவ்வளவில் அவன் ஊரைவிட்டே போய்விடுகிறான்.

ஒரு சொல்லுக்கும் மறு சொல்லுக்கும் நடுவே தன் காதுக்குள் ரத்தம் ஓடுவது கேட்கிறது.

*

சகோதரர்களின் நாடகங்கள் வானொலியிலும் ஒலிக்கின்றன.

ஔவையின் நரை தெரியாது. கூன் தெரியாது. கோல் தரையில் படும் ஒலி இருக்கிறது. நடுங்காத சொல் இருக்கிறது.

கேட்பவர்கள் கண்ணை மூடிக்கொள்கிறார்கள். அவரவர் பாட்டி வந்து நிற்கிறாள்.

*

இரண்டு தேங்காய்ச் சிரட்டைகள். குதிரை வருகிறது.

தகரத் தகட்டை ஆட்டுகிறார்கள். இடி.

கண்ணாடித் தாளைக் கசக்குகிறார்கள். காடு எரிகிறது.

மௌனத்துக்கு ஒரு பொருளும் வேண்டியதில்லை. எல்லோரும் சேர்ந்து அதைச் செய்கிறார்கள்.

*

1947 ஆகஸ்ட் 15. விடியற்காலை. டெல்லி வானொலியிலிருந்து தமிழ்ச் செய்தி. நாடு விடுதலை பெற்றுவிட்டது. வாசிப்பவர் பூர்ணம் விஸ்வநாதன்.

செய்தி அறையிலிருந்து பின்னாளில் சென்னை மேடைக்கு வருகிறார். சுஜாதாவின் நாடகங்களில் நிற்கிறார். திரையிலும் வருகிறார். 2008இல் மறைகிறார்.

ஒருவர் மேடையிலிருந்து வானொலிக்குப் போகிறார். ஒருவர் வானொலியிலிருந்து மேடைக்கு வருகிறார். வழியில் சந்திக்கும் இடத்தில் குரல் இருக்கிறது.

*

பஞ்சாயத்து ரேடியோ.

ஊர் மந்தையில் சின்ன அறை. கூரைமேல் குழாய். மாலையில் ஒருவர் பூட்டைத் திறந்து போடுகிறார். வயலிலிருந்து வந்தவர்கள் துண்டை விரித்து உட்காருகிறார்கள். காலில் சேறு காய்ந்து உதிர்கிறது.

நாடகம் தொடங்குகிறது. பீடியின் நெருப்பு ஏறி இறங்குகிறது. யாரும் யாரையும் பார்க்கவில்லை.

எல்லோரும் இருட்டைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அங்கேதான் காட்சி.

*

இலங்கை வானொலியும் இந்தச் சமவெளிக்கு வருகிறது. கடல் தாண்டி, ராமநாதபுரத்தின் வேலிக்கருவைக் காடு தாண்டி. ஒலிச்சித்திரம். பார்த்த படம் மறுபடியும் கண் இல்லாமல் ஓடுகிறது.

காற்று திசை மாறினால் குரல் தேய்கிறது. கொஞ்ச நேரத்தில் திரும்புகிறது.

விட்டுப்போன சொல்லை அவரவர் போட்டுக்கொள்கிறார்கள்.

*

மதுரைக்கென்று வானொலி நிலையம் வந்தபோது சண்முகம் இல்லை. லேடி டோக் கல்லூரிச் சாலையில் அந்தக் கட்டடம் இருக்கிறது. மரங்கள். காவலர் நாற்காலி. மதிலுக்கு மேல் ஒரு மைனா.

உள்ளே யாரோ பேசிக்கொண்டிருப்பார்கள். தெருவில் கேட்பதில்லை.

தேநீர்க் கடையில் கேட்கிறது.

*

மேலூர்ப் பக்கம் ஓர் ஊர். மாரியம்மன் பொங்கல். ஸ்பெஷல் நாடகம்.

நடிகர்கள் ஒரே கம்பெனிக்காரர்கள் அல்ல. ராஜபார்ட் ஓர் ஊர், ஸ்திரீபார்ட் ஓர் ஊர், பபூன் ஓர் ஊர். மதுரையில் சங்கம் இருக்கிறது. தேதி எழுதிய தாளோடு ஒவ்வொருவரும் பேருந்தில் வந்து இறங்குகிறார்கள். ஒத்திகை இல்லை.

தெரிந்த பாடம் ஒன்று இருக்கிறது. அது சுவாமிகளின் பாடம். அதில் எல்லோரும் சந்திக்கிறார்கள்.

*

இரவு பத்து. ஆர்மோனியம் சுருதி பிடிக்கிறது. மிருதங்கக்காரர் வலந்தலையைத் தட்டிப் பார்க்கிறார். மேடை அம்மனின் பார்வையில் இருக்கிறது.

முதலில் பபூன். சிரிப்பு. பிறகு நடனம். நள்ளிரவுக்குப் பின் வேலன் வருகிறான். வள்ளி வருகிறாள். நாரதரும் வள்ளியும் தர்க்கம் செய்கிறார்கள்.

குழந்தைகள் சாக்கின் மேல் தூங்குகிறார்கள். ஒரு பாட்டி தூங்கவில்லை. நடிகர் எடுக்கும் முன்பே அவள் உதடு அடுத்த அடியைச் சொல்லிவிடுகிறது.

*

மணி நான்கு இருக்கும். பனி இறங்குகிறது. மைக் ஒரு நொடி நின்றுவிடுகிறது.

ராஜபார்ட் திரும்பிப் பார்க்கவில்லை. மூச்சை இழுக்கிறார். பாட்டைத் தொடர்கிறார்.

மின்சாரம் இல்லாத குரல் வயல்வரை போகிறது. எங்கோ ஒரு நாய் எழுந்து நிற்கிறது.

மைக் திரும்ப வருகிறது. அந்த ஒரு நொடி போய்விடுகிறது.

*

சண்முகத்தின் குரல் அந்த இடத்தில் இருந்ததா என்று மனம் கேட்கிறது.

கேள்வி வந்ததைப் பார்க்கிறேன். போவதைப் பார்க்கிறேன்.

நெல் தாளின் வாசனை.

*

1944இல் ஈரோட்டில் சகோதரர்கள் நாடகக் கலைக்கு மாநாடு கூட்டினார்கள். சுவாமிகளைப் பற்றிச் சண்முகம் திரும்பத் திரும்பப் பேசினார், எழுதினார். ஆசிரியரின் பெயர் அழியாமல் பார்த்துக்கொண்டார்.

1960களில் அவர் நாடக சபையில் ஒரு சிறுவன் சேர்கிறான். பெயர் கமல்ஹாசன். 1996இல் கமல்ஹாசன் பெண் வேடம் கட்டிய படத்துக்கு ‘அவ்வை சண்முகி’ என்று பெயர்.

சுவாமிகளிடமிருந்து சண்முகம். சண்முகத்திடமிருந்து இன்னொரு பிள்ளை.

ஒவ்வொரு முறையும் கை மாறுவது என்னவென்று தொட்டுக் காட்ட முடியாது. வாய் திறக்கும்போது தெரிகிறது.

*

நூலின் கடைசிப் பக்கங்களுக்கு வந்திருக்கிறேன். மெதுவாகப் படிக்கிறேன்.

ஆறு வயதில் தொடங்கியது இவ்வளவு தூரம் வந்திருக்கிறது. எத்தனை ஊர், எத்தனை வேடம் என்று எண்ணும் ஆசை வருகிறது. எண்ணாமல் விடுகிறேன்.

ஒரு பத்தியை வாய்விட்டுப் படிக்கிறேன். அறை அதைக் கேட்கிறது. என் குரல் எனக்கே புதிதாக இருக்கிறது. சொல்லின் கடைசி எழுத்தை விழுங்காமல் விடப் பார்க்கிறேன்.

மேடையில் நடிகர் சொன்ன சொல் அன்றிரவே போய்விட்டது. எழுதி வைத்த சொல் இன்னொரு மூச்சுக்காகத் தாளில் இருக்கிறது. நடிகரின் நீண்ட வாழ்க்கையில் எஞ்சியதைக் கண்ணால் மட்டும் படித்தால் போதாது.

*

1973இல் டி.கே. சண்முகம் மறைந்தார். சென்னையில் ஒரு சாலைக்கு அவ்வை சண்முகம் சாலை என்று பெயர். அவர் எழுதியவை நாட்டுடைமையாக்கப்பட்டுள்ளன. யாரும் அச்சிடலாம். யாரும் உரக்கப் படிக்கலாம்.